பாடல்களைத் தாண்டி, இசையாலேயே கதை சொல்லும் இக்கால இசையமைப்பாளர் யார்? எப்படிச் சொல்கிறார்?

என் பதில் கோவிந்த் வசந்தா. '96' (2018) படத்தை வைத்தே காரணம் சொல்கிறேன். முக்கியமான ஒரு காட்சியைச் சொல்லப்போகிறேன், படம் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள்.

தஞ்சாவூரில் ஒன்றாகப் படித்த ராமும் ஜானுவும் 22 வருடம் கழித்துச் சந்திக்கிறார்கள். இருப்பது ஒரே இரவு. ராம் அதிகம் கதைக்காதவன். அவன் சொல்ல வந்து விழுங்குவதையெல்லாம் வயலின் சொல்கிறது. கோவிந்த் வசந்தாவே வயலின் வாசிப்பவர், கேரளத்தின் தைக்குடம் பிரிட்ஜ் இசைக்குழுவில் இருந்து வந்தவர். வட இலங்கைச் சங்கீத சபைப் பரீட்சைக்கு வயலின் படித்தவர்களுக்குத் தெரியும்: விரலைத் தூக்காமல் ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு வழுக்கிப் போகும்போது அந்த வாத்தியம் மனிதக் குரலுக்கு மிக நெருங்கி வந்துவிடும். 'காதலே காதலே' மெட்டு வரும்போதெல்லாம் அந்த நெருக்கத்தைக் கேட்கலாம்.

ஆனால் அவர் வாசித்த இடங்களை விட, வாசிக்காமல் விட்ட இடம்தான் எனக்குப் பெரிது.

ஜானு நன்றாகப் பாடுவாள். பாடுவது இளையராஜா பாடல்கள். 90களில் பள்ளிக்கூடம் போன பிள்ளை வேறு எதைப் பாடியிருக்கும்? ராம் திரும்பத் திரும்பக் கேட்பது 'தளபதி' (1991) படத்தின் 'யமுனை ஆற்றிலே'. அதை மட்டும் அவள் பாடமாட்டாள். அத்தனை வருடம் கழித்து, அவன் வீட்டில், கரண்ட் போன நேரத்தில் பாடுகிறாள். கண்ணன் வராமல் காத்திருக்கும் ராதையின் பாட்டு. படத்தின் உச்சமான இடத்தை இன்னொருவரின் பாடலுக்கு விட்டுக்கொடுத்து, வெறும் குரலோடு நிறுத்திக்கொள்ள ஓர் இசையமைப்பாளருக்குப் பெரிய மனம் வேண்டும். இன்னொன்று, ஜானுவாக நடித்த திரிஷாவுக்குப் பின்னணிக் குரல் கொடுத்ததும் சின்மயிதான், பாடியதும் அவர்தான். அதனால் இவ்வளவு நேரமும் கதைத்துக்கொண்டிருந்த ஜானுவே பாடுகிறாள் என்று மனம் நம்பிவிடுகிறது.

2022 மின்வெட்டுக் காலத்தைக் கொழும்பில் கழித்தவர்களுக்கு இந்தக் காட்சி இன்னும் வடிவாக விளங்கும். ஒரு கட்டத்தில் நாளுக்கு 13 மணித்தியாலம் கரண்ட் இல்லை. ஃபேனும் ஃபிரிட்ஜும் நின்றதும், வெள்ளவத்தை மாதிரி நெருக்கமான இடத்தில் பக்கத்து வீட்டில் யாரோ முணுமுணுப்பதுகூடக் காதில் விழும். அந்த அமைதியில் ஒரு குரலுக்கு எவ்வளவு கனம் என்று அந்த மாதங்களில்தான் தெரிந்தது. அதற்குமேல் வாத்தியம் சேர்த்திருந்தால் காட்சி கெட்டிருக்கும்.

அப்புறம் 'மெய்யழகன்' (2024). அதே இயக்குநர் பிரேம்குமார்தான். தஞ்சாவூர் வீட்டை இழந்து சென்னைக்குப் போன குடும்பம், வருடக்கணக்காக ஊர்ப்பக்கம் போகாத மகன். யாழ்ப்பாணத்தில் வீட்டை விட்டுவிட்டுக் கொழும்புக்கு வந்தவர்களுக்கு இந்தக் கதையை விளக்கத் தேவையில்லை. இசையில் '96' தான் எனக்கு ஒரு படி மேல். ஆனாலும் 'யாரோ இவன் யாரோ' பாட ஓர் இளம் பாடகரைத் தேடாமல் கமல்ஹாசனை அழைத்தது நல்ல முடிவு. நடுவயது மனிதன் ஒருவன் தொலைத்ததைப் பாட, வயது ஏறிய குரல்தான் வேண்டும்.