கிரிகோரி குரோமனோவ்: கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்

போன வாரம் பேச்சுவாக்கில் குரோமனோவ் பெயரைச் சொல்லிவிட்டேன். அதிலிருந்து தினம் ஒருவர் "யார் அது?" என்கிறீர்கள். எஸ்டோனியத் திரைப்பட இயக்குநர். 1926இல் தலைநகர் தாலினில் பிறந்தார், 1984இல் இறந்தார். எடுத்த கதைப்படங்கள் ஒரு கை விரல்களுக்குள் அடங்கும். ஞாயிறு மதியம், சமையலும் முடிந்தது. கேள்விகளைப் போடுங்கள், பதில் சொல்கிறேன்.

முன்கூட்டியே ஓர் எச்சரிக்கை. அவர் படத்தைத் தேடிப் பிடித்தால், ஓடுவது எஸ்டோனிய ஒலியா, ரஷ்ய ஒலியா என்று முதலில் பாருங்கள். காரணம் போகப் போக வரும்.

கொள்ளிடம்: அக்கா, பெயர் ரஷ்யப் பெயராக இருக்கிறதே? ஆள் எங்கே படித்தார், எப்படி சினிமாவுக்கு வந்தார்?

பெயர் ரஷ்யப் பெயர், வேலை செய்தது எஸ்டோனிய மொழியில். அவர் பிறந்தபோது எஸ்டோனியா தனி நாடு. 14 வயதில் சோவியத் படை உள்ளே வந்தது. அடுத்த வருஷம் ஜெர்மன் படை. 1944இல் மறுபடியும் சோவியத். இருபது வயதுக்குள் மூன்று முறை கொடி மாறியதைப் பார்த்த தலைமுறை அது.

மாஸ்கோவில் கிதிஸ் நாடகக் கல்லூரியில் படித்து 1953இல் வெளியே வந்தார். நாடகம், தொலைக்காட்சி என்று பழகிவிட்டு 1964இல் யூரி மூர் என்பவருடன் சேர்ந்து முதல் படம் எடுத்தார். எஸ்டோனியாவின் பெரிய நாவலாசிரியர் தாம்சாரெ 1939இல் எழுதிய கதை. மனிதனாகப் பிறந்தவன் கடைத்தேற முடியுமா என்று பார்க்க, சாத்தானே யூர்கா என்ற குடியானவனாகப் பூமிக்கு வருகிறான். நிலத்தில் மாடாக உழைக்கிறான். ஆன்ட்ஸ் என்ற தந்திரக்காரன் அவனைச் சக்கையாகப் பிழிகிறான். சாத்தானையே ஏமாற்றும் மனுஷன்! எனக்கு இந்தக் கதை ரொம்பப் பிடிக்கும்.

1966இல் 'ஆந்திரேஸ் லபெட்டேயுஸுக்கு என்ன ஆயிற்று?' பதவிக்காக வளைந்து வளைந்து போகிற ஓர் அதிகாரியின் கதை. பிறகு 1969, 1975, 1979இல் ஒவ்வொன்று. மொத்தம் ஐந்து.

இரவுக்காட்சி: எஸ்டோனியா என்றால் ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியின் 'ஸ்டாக்கர்' படம் எடுத்த இடம்தானே? அதைப் பற்றிச் சொல்லுங்களேன்.

ஆமாம், அங்கேதான் பெரும்பாலும் எடுத்தார்கள். தாலினைச் சுற்றி, யகலா ஆற்றங்கரையில் கைவிடப்பட்ட மின்நிலையத்தில். ஆனால் அது மாஸ்கோக்காரர் படம். இன்றைக்கு நம் ஆள் குரோமனோவ்.

பழைய பேப்பர்: அவருடைய ஒரு படத்தை நாலு கோடிப் பேர் பார்த்ததாக எங்கோ படித்தேன். நம்புகிறாற்போல் இல்லையே?

நம்பலாம். சோவியத் ஒன்றியம் முழுக்க 4 கோடியே 49 லட்சம் டிக்கெட் போனது. அப்போது எஸ்டோனியாவின் மக்கள்தொகையே 13 லட்சத்துச் சொச்சம்தான். படம் 'விம்னே ரெலீக்வியா', அதாவது கடைசிப் புனிதச் சின்னம். 1969இல் எடுத்தது.

16ஆம் நூற்றாண்டு, பால்டிக் கரைக்காக ரஷ்யாவும் அண்டை நாடுகளும் மோதிய லிவோனியப் போர்க்காலம். தாலினுக்குப் பக்கத்தில் பிரிட்டா கன்னிமடம். ஒரு பிரபுவின் வீட்டில் புனிதையின் எலும்புப் பேழை இருக்கிறது. மடத்துத் தலைவிக்கு அது வேண்டும். பேழைக்கு விலையாகத் தன் உறவுக்காரப் பெண் ஆக்னெஸை அந்தப் பிரபுவின் மகனுக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறார். நடுவில் கேப்ரியல் என்ற எவனுக்கும் கட்டுப்படாதவன் வருகிறான். குதிரை, கத்திச்சண்டை, காதல், பாட்டு எல்லாம் உண்டு. ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு போய்ப் பார்க்கிற படம்.

மூலம் எட்வர்ட் போர்ன்ஹோஹே 1893இல் எழுதிய நாவல். அதில் கேப்ரியல் ஒரு ரஷ்ய இளவரசன். திரைக்கதை எழுதிய அர்வோ வால்டன் அந்த வம்சாவளியை உதறிவிட்டார். படத்தில் அவனுக்குக் கொடியும் இல்லை, அரசனும் இல்லை. நிஜத்தில் 1577இல் அந்த மடத்தை அழித்தது இவான் மன்னனின் ரஷ்யப் படை. படத்தில் ரஷ்யர் வருவதே இல்லை, கலகக்காரக் குடியானவர்கள்தான் பாய்கிறார்கள். மேலே இருப்பவர்களுக்கு இது வர்க்கப் போராட்டம், மதத்துக்கு எதிரான படம், ரொம்ப சந்தோஷம். அரங்கில் இருந்த எஸ்டோனியர் காதில் விழுந்ததோ பாட்டு. பால் ஈரிக் ரும்மோ என்ற கவிஞர் எழுதியது, தொனு நைஸ்ஸோ இசை. 'ஓடு, சுதந்திரக் குழந்தையே' என்று அர்த்தம் வரும் தலைப்பில் ஒரு பாட்டு, 1970இல், தணிக்கையைத் தாண்டி, பட்டிதொட்டியெல்லாம் ஒலித்திருக்கிறது. ரும்மோ பிற்பாடு சுதந்திர எஸ்டோனியாவில் கலாசார அமைச்சர் ஆனார்.

இன்னொரு தகவல். இந்தப் படத்தின் கலை இயக்குநர் ரெய்ன் ராமாட். இவர்தான் கொஞ்ச நாளில் எஸ்டோனியாவின் வரைகலை அனிமேஷனுக்கே பிள்ளையார் சுழி போட்டார்.

டீ மாஸ்டர்: இயக்குநர் அக்கி கவுரிஸ்மாக்கியும் எஸ்டோனியாதானே?

பின்லாந்து. நடுவில் கடல் இருக்கிறது.

நெல்லைச்சீமை: 'டாஞ்சரின்ஸ்' படத்தை இயக்கியவர்?

சாசா உருஷாட்சே, ஜார்ஜியர். எஸ்டோனியாவுடன் கூட்டுத் தயாரிப்பு, ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. லெம்பித் உல்ஃப்சாக் நடிப்புக்காகப் பாருங்கள்.

ரீல் பெட்டி: அக்கா, கோபித்துக்கொள்ளாதீர்கள். 'ரெலீக்வியா'வில் நாயகன் அலெக்சாண்டர் கொலபரோத்கோ, ரஷ்ய மேடை நடிகர். நாயகி இங்கிரிடா ஆண்ட்ரினா, லாத்வியா. மடத்துத் தலைவி எல்சா ராட்சினா, அவரும் லாத்வியா. துறவியாக வருகிற ரோலன் பிக்கோவ் மாஸ்கோ. குரல் வேறு யாரோ கொடுத்தது. இதில் எஸ்டோனியப் படம் எங்கே இருக்கிறது?

நல்ல கேள்வி, கோபமெல்லாம் இல்லை. சோவியத் ஏற்பாடு அப்படி. தாலின்ஃபிலிம் என்று ஒரே ஒரு ஸ்டூடியோ, வருஷத்துக்கு விரல் விட்டு எண்ணும்படி சில கதைப்படங்கள், ஒவ்வொரு கதைக்கும் மாஸ்கோவின் கையெழுத்து. ஒன்றியம் முழுக்க ஓடவேண்டும் என்றால் தெரிந்த முகங்கள் வேண்டும். எஸ்டோனிய ஒலியில் கேப்ரியலுக்குக் குரல் மாத்தி க்ளோரன், பாட்டு பேத்தர் தோமா. ஆகவே என் கணக்கு இது: முகம் யாருடையதாகவும் இருக்கட்டும், பேச்சும் பாட்டும் எந்த மொழியில் பிறந்தனவோ, படம் அந்த மொழிக்காரருடையது. இதனால்தான் ஒலித்தடத்தைப் பாருங்கள் என்று தலைதலையாக அடித்துக்கொள்கிறேன்.

ரீல் பெட்டி: அப்படியென்றால் ரஷ்ய ஒலியில் பார்த்த நாலு கோடிப் பேர் பார்த்தது எஸ்டோனியப் படம் இல்லையா? உங்கள் கணக்கு உங்களையே கடிக்கிறதே.

கடிக்கிறது. ஒப்புக்கொள்கிறேன். இன்னும் கடிக்கும்படி ஒன்றைச் சொல்கிறேன். ரஷ்ய ஒலியில் பாட்டைப் பாடியவர் கெயோர்க் ஓட்ஸ். அசல் எஸ்டோனியர், பெரிய ஓபரா பாடகர். தோமா கிட்டாரோடு தெருவில் நின்று பாடுகிறவன் மாதிரி பாடுவார். ஓட்ஸ் மேடையிலிருந்து கீழே பார்த்துப் பாடுவார். மெட்டு ஒன்று, ஆனால் ஒருவன் ஓடுகிறான், மற்றவன் ஓடு என்று உத்தரவு போடுகிறான்.

பழைய பேப்பர்: ரீல் பெட்டி சொல்வதில் நியாயம் இல்லை. நம் படங்களில் கதாநாயகி ஒருவர், குரல் ஒருவர் என்பது பழகிப்போன சங்கதி. அதனால் அவை தமிழ்ப் படம் இல்லையா?

ரீல் பெட்டி: அங்கே நாயகி தமிழ் வசனத்துக்கு வாயசைக்கிறார். இங்கே அந்த நடிகர்களுக்கு எஸ்டோனிய மொழியே தெரியாது என்கிறேன்.

மூன்றாம் மணி: நடுவில் வருகிறேன், மன்னிக்கவும். நான் டப்பிங்கில் பதினோரு வருஷமாகக் குரல் கொடுக்கிறேன். உதடு மூடுகிற எழுத்து, ப, ம, இதுதான் பிடி. திரையில் உதடு மூடினால் நாம் அங்கே 'ம' போட்டாக வேண்டும், இல்லாவிட்டால் சிறுபிள்ளைகூடக் கண்டுபிடித்துவிடும். ரஷ்ய உதட்டுக்கு எஸ்டோனிய வசனம் எப்படி உட்கார்ந்தது?

வாங்க, உங்களைப் போல ஒருவரைத்தான் எதிர்பார்த்தேன். கிட்டக் காட்சிகளில் நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் உட்காருகிறது, நீண்ட வசனங்களில் வழுக்குகிறது. எஸ்டோனிய மொழியில் ஒரு சிக்கல் உண்டு. நமக்குக் குறில், நெடில். அவர்களுக்கு அதற்கும் மேல் மூன்றாவதாக ஒரு நீளம் இருக்கிறது. நம் அளபெடை போல, ஆனால் செய்யுளில் இல்லை, கடைத்தெருப் பேச்சிலேயே. நீளம் மாறினால் அர்த்தம் மாறிவிடும். வாயசைப்புக்காக இழுக்கவும் முடியாது, சுருக்கவும் முடியாது. குரல் கொடுத்தவர் பாடு எப்படி இருந்திருக்கும் என்று உங்களுக்குத்தான் தெரியும்.

மூன்றாம் மணி: தொண்டை வலிக்கிறது, நினைத்தாலே.

இரவுக்காட்சி: 'ஸ்டாக்கர்' மாதிரி அவரும் ஏதாவது எடுத்தாரா?

மறுபடியுமா! சரி, இந்த முறை உங்களுக்கு அதிர்ஷ்டம். 'ஸ்டாக்கர்' கதை ஸ்துருகாத்ஸ்கி சகோதரர்களுடையது. அதே 1979இல் அதே சகோதரர்களின் இன்னொரு நாவலை, அவர்களே திரைக்கதை எழுத, குரோமனோவ் படமாக்கினார். 'ஹுக்குனுத் அல்பினிஸ்டி ஹோட்டெல்', இறந்த மலையேறியின் விடுதி. என்னைக் கேட்டால் அவருடைய உச்சம் இதுதான்.

பனிமலையில் தனியாக ஒரு விடுதி. இன்ஸ்பெக்டர் கிளெப்ஸ்கி வருகிறார். பனிச்சரிவு பாதையை மூடிவிடுகிறது. ஓலாஃப் என்பவன் கழுத்து திருகிக் கிடக்கிறான். சரிதான், துப்பறியும் கதை என்று சாய்ந்து உட்காருவீர்கள். பாதியில் தரையே நகரும்: விருந்தினரில் சிலர் இந்தப் பூமிக்காரர்களே இல்லை. இனி கேள்வி யார் கொன்றது என்பதல்ல. தப்பிக்க உதவி கேட்கிறார்கள், சட்டப் புத்தகத்தில் அதற்குப் பக்கம் இல்லை. கிளெப்ஸ்கி சட்டத்தைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். மிச்சத்தைச் சொல்லமாட்டேன்.

மலை எல்லாம் கஜகஸ்தானில், அல்மாட்டி பக்கம் எடுத்தது. ஒளிப்பதிவு யூரி சில்லார்ட். வெளியே கண் கூசும் வெள்ளை, உள்ளே இருட்டும் கண்ணாடியும். ஸ்வென் கிரூன்பெர்க்கின் சிந்தசைசர் இசை, அந்த விடுதியின் மூச்சு மாதிரி. ஓலாஃபாக நடித்த தீத் ஹார்ம் நிஜத்தில் பாலே நடனக்காரர். மனிதன் இல்லாத ஒருவனுக்கு நடனக்காரனைப் போட்டது எவ்வளவு கெட்டிக்காரத்தனம் பாருங்கள். சும்மா நின்றாலே உடம்பு கொஞ்சம் அளவுக்கு மேல் சரியாக நிற்கிறது. ஒப்பனையும் தேவையில்லை, ரப்பர் முகமூடியும் தேவையில்லை.

கிளெப்ஸ்கி முகம் லாத்விய நடிகர் உல்திஸ் பூசிதிஸ். எஸ்டோனியக் குரல் ஆர்னே யூக்ஸ்கூலா. ஆகவே, ஒலித்தடம்!

கொள்ளிடம்: 1975 படத்தை விட்டுவிட்டீர்களே?

'பாட்டாளி வர்க்கச் சர்வாதிகாரத்துக்கு வைரங்கள்'. யூலியன் செமியோனோவின் உளவாளிக் கதை. வேலை சுத்தம், மனசு அதில் இல்லை என்பது என் அபிப்பிராயம்.

நெல்லைச்சீமை: குடும்பம்?

மனைவி இரேனா வெய்சைத்தே, லித்துவேனியர், நாடக, இலக்கிய அறிஞர். யூதர். பதின்வயதில், நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்த கவுனாஸ் கெட்டோவில் அடைபட்டு, அங்கிருந்து ரகசியமாக வெளியே கொண்டுவரப்பட்டுப் பிழைத்தவர். தாயை நாஜிகள் கொன்றார்கள். ஸ்தெபானியா லாதிகியெனே என்ற அம்மாள் தன் பிள்ளைகளோடு ஒரு பிள்ளையாக ஒளித்து வைத்துக் காப்பாற்றினார். இரேனா 2020 வரை இருந்தார். எழுதப்பட்ட விதி ஒன்று சொல்ல, வாசலில் நிற்கிற ஆள் ஒன்று கேட்க, நடுவில் மாட்டிக்கொண்ட கிளெப்ஸ்கி என்ன செய்கிறார் என்பதுதான் விடுதிப் படம். அதை எடுத்தவர் வீட்டில் யார் இருந்தார் என்பதை நினைக்காமல் என்னால் அந்தப் படத்தைப் பார்க்க முடிவதில்லை.

டீ மாஸ்டர்: எந்தப் படத்தில் ஆரம்பிக்கலாம்?

விடுதி.

வைகை வடக்கு: புதிதாகப் பார்க்கிறவர்கள் எதில் ஆரம்பிக்க வேண்டும்?

இரண்டு வரி மேலே.

வைகை வடக்கு: லிங்க் கிடைக்குமா?

கிடைக்காது. இதற்கு மேல் லிங்க் கேட்கிறவர்களுக்குப் பதில் இல்லை.

பழைய பேப்பர்: நடிகர்களில் வேறு யாரைக் கவனிக்கணும்?

விடுதிக்காரர் ஸ்னேவாராக யூரி யார்வெட். ஷேக்ஸ்பியரின் 'லியர் மன்னன்' நாடகத்தை ரஷ்ய இயக்குநர் கோசின்த்சேவ் எடுத்த படத்தில் லியர் இவர்தான். விடுதியில் மோசஸாக வரும் கார்லிஸ் செப்ரிஸ் அதே லியர் படத்தில் குளோஸ்டர். 'ரெலீக்வியா'வின் மடத்துத் தலைவி ராட்சினா அதில் மூத்த மகள் கானரில். பால்டிக் நடிகர்கள் அப்படி ஒருவர் வீட்டில் ஒருவர் புழங்கியிருக்கிறார்கள். அப்புறம் விடுதியில் புருன் என்ற இளம்பெண்ணாக வரும் நியோலே ஓஜெலிதே. 1990 மார்ச் 11 அன்று லித்துவேனியா சுதந்திரம் என்று கையெழுத்திட்டவர்களில் அவரும் ஒருவர்.

ரீல் பெட்டி: அக்கா, நீங்கள் சொன்னதால் விடுதிப் படத்தை இப்போதே போட்டுப் பதினைந்து நிமிடம் பார்த்தேன். விடுதிக்காரர் வாய் ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம். உங்கள் எஸ்டோனிய டப்பிங் மகா மட்டம்.

விடுதிக்காரர் யார்வெட். எஸ்டோனிய நடிகர். எஸ்டோனிய ஒலியில் அவர் வாய் விலக வாய்ப்பே இல்லை. எந்த ஒலியில் பார்த்தீர்கள்?

ரீல் பெட்டி: ஒரு நிமிடம்... ரஷ்யன் என்று போட்டிருக்கிறது.