பகடிப் படங்களும் நியாயப் பயன்பாடும்: கேள்வி பதில்

கேள்வி: பேட்மேன் போன்ற நாயகர்களை வைத்து அமெரிக்காவில் வயது வந்தோருக்கான பகடிப் படங்கள் எடுக்கிறார்களே, சட்டம் அனுமதிக்கிறதா?

பதில்: உரிமையாளரின் அனுமதி இல்லாமலே பிறர் படைப்பைப் பயன்படுத்தச் சட்டம் விடும் இடம்தான் நியாயப் பயன்பாடு. அதை முடிவுசெய்ய, 1976-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 107-ஆவது பிரிவில், பயன்பாட்டின் நோக்கம், மூலத்தின் தன்மை, எடுத்துக்கொண்ட அளவு, மூலத்தின் சந்தைக்கு நேரும் பாதிப்பு ஆகிய நான்கையும் சேர்த்து எடைபோடச் சொல்கிறது. காசுக்காகச் செய்த பகடியும் நியாயப் பயன்பாடாகலாம் என்று 1994-இல், ஒரு ராப் குழு பழைய பாட்டைக் கேலி செய்த வழக்கில், உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் கேலி மூலத்தைக் குறிவைக்க வேண்டும். இரவில் முகமூடி மாட்டி ஊரைத் திருத்தப் புறப்படும் கோடீஸ்வரனின் பிடிவாதத்தைப் பார்த்து நாம் சிரித்தால் அது பகடி. அவனுடைய உடையை மட்டும் இரவல் வாங்கிப் படுக்கையறைக் காட்சி எடுத்தால் அப்படிச் சொல்வது கடினம். நியாயப் பயன்பாடு என்பது வழக்கு வந்தபின் எடுத்துவைக்கும் எதிர்வாதமே தவிர, முன்கூட்டிக் கிடைக்கும் உரிமம் அன்று.

கேள்வி: ‘இது பகடி’ என்று தொடக்கத்தில் அறிவிப்புப் போட்டால் போதாதா?

பதில்: போதாது.

கேள்வி: ஆபாசம் என்றாலே பாதுகாப்பு போய்விடும். 1978-இல் மிக்கி மௌஸைக் கொச்சையாக வரைந்தவர்கள் டிஸ்னியிடம் தோற்கவில்லையா?

பதில்: தோற்றார்கள், ஆனால் நீதிமன்றம் குறை கண்டது கொச்சையில் அன்று, பகடிக்குத் தேவையானதைவிட அதிகமாக உருவங்களை நகல் எடுத்ததில். 1981-இல் பில்ஸ்பரி நிறுவனத்தின் மாவுப் பொம்மையை ஓர் ஆபாச இதழ் கேலிப்படமாக்கியபோது, ஜார்ஜியாவில் பதிப்புரிமை வாதம் எடுபடவில்லை. மாநிலத்தின் வணிகச் சின்னச் சட்டம்தான் இதழின் காலை வாரியது.

கேள்வி: அப்படியானால் 1979-இல், டல்லாஸ் கௌபாய்ஸ் என்ற அமெரிக்கக் கால்பந்து அணியின் உற்சாக நடனப் பெண்களுடைய சீருடையை ஓர் ஆபாசப் படம் பயன்படுத்திய வழக்கு? நீங்கள் மழுப்புகிறீர்கள்.

பதில்: மழுப்பவில்லை, நீங்கள் பதிப்புரிமை, வணிகச் சின்னம் என்ற இரண்டு சட்டங்களைக் குழப்புகிறீர்கள். நீலச் சட்டையும், வெள்ளை அரைக்காற்சட்டையும், நட்சத்திரம் பதித்த வெள்ளை மேலங்கியும் சேர்ந்த அந்தச் சீருடையைத்தான் நீதிமன்றம் வணிகச் சின்னமாகக் கண்டது. நாயகனின் முகமூடிக்கும் மேலங்கிக்கும் இந்த ஆபத்து உண்டு. இதை எவரும் கேட்பதில்லை.

கேள்வி: இந்தியாவில்?

பதில்: 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆவது பிரிவைப் படியுங்கள். விமர்சனம் இருக்கிறது, பகடி என்ற சொல் இல்லை. ஆபாசத்துக்குத் தனிச் சட்டம். குற்றவியல் வழக்கறிஞரைப் பாருங்கள்.

கேள்வி: அறிவிப்பை இறுதியில் போட்டால்?

பதில்: மேலே பாருங்கள்.