எர்னெஸ்ட் தெசிஜர்: கேள்வி பதில்

கேள்வி: 'பிரைட் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' என்ற திகில் படத்தில் டாக்டர் பிரிடோரியஸாக வரும் அந்த ஒல்லியான முதியவர் யார்?

பதில்: பிரிட்டிஷ் நடிகரான எர்னெஸ்ட் தெசிஜர். 1879இல் லண்டனில் பிறந்தவர். 1935இல் அந்தப் படம் வெளிவந்தபோது அவருக்கு வயது ஐம்பத்தாறு. திரை ரசிகர்கள் அவரை இந்த ஒரு வேடத்தோடு நிறுத்திக்கொள்வது எனக்கு எப்போதும் வருத்தம் தரும். பெர்னார்ட் ஷாவின் 'செயின்ட் ஜோன்' நாடகம் 1924இல் லண்டனில் அரங்கேறியபோது, சிபில் தோர்ன்டைக் ஜோனாக நடிக்க, முடிசூடத் தயங்கும் பிரெஞ்சு இளவரசர் சார்லஸாக மேடையேறியவர் இவரே.

கேள்வி: அவர் ஓவியம் படித்தவர் என்கிறார்களே?

பதில்: ஆம், லண்டனின் ஸ்லேட் கலைப் பள்ளியில் படித்தார், பிறகுதான் நாடகத்துக்கு வந்தார். முதல் உலகப் போர் தொடங்கியதும் தாமாகவே படையில் சேர்ந்து, பிரான்ஸ் போர்முனையில் கைகளில் காயமுற்று ஊர் திரும்பினார். 1915இலேயே மீண்டும் மேடையேறி நடித்த 'எ லிட்டில் பிட் ஆஃப் ஃபிளஃப்' என்ற கேலி நாடகம் 1,200 காட்சிகளுக்கு மேல் ஓடியது. அடிபட்ட அதே கைகளால் அவர் நுணுக்கமான பூத்தையல் வேலை செய்தார் என்பதும், போரில் ஊனமுற்ற வீரர்கள் அக்கலையைக் கற்றுப் பிழைப்பதற்கான முயற்சியில் முன்னின்றார் என்பதும் பலருக்குத் தெரியாது. 1941இல் எம்பிராய்டரி குறித்து நூலொன்றும் எழுதினார்.

கேள்வி: அவர் நடிப்பில் அப்படி என்ன தனிச்சிறப்பு?

பதில்: அபத்தமான செயலைக்கூட மிகுந்த மரியாதையோடு செய்வார். ஜேம்ஸ் வேல் இயக்கிய 'தி ஓல்ட் டார்க் ஹவுஸ்' (1932) படத்தில், தம் சகோதரி அடுக்கி வைக்கவிருந்த பூக்கள் இவை என்று விருந்தினரிடம் பணிவாகச் சொல்லிவிட்டு, அவற்றை அப்படியே கணப்பு நெருப்பில் எறிகிறார். அதே ஜேம்ஸ் வேல் இயக்கிய 'பிரைட் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' படத்திலும் அதே நயம்தான்: கண்ணாடிக் குடுவைகளில் தாம் வளர்த்த குட்டி மனிதர்களை ஒவ்வொருவராக மேசைமேல் எடுத்து வைக்கும்போதும், அரசியைத் தேடிக் குடுவையை விட்டு வெளியேறும் குட்டி அரசனை இடுக்கியால் பிடித்துத் திரும்பப் போடும்போதும், அவர் விரல்களில் பதற்றமே இராது. குரலை உயர்த்தியிருந்தால் இந்தக் காட்சி கெட்டிருக்கும்.

கேள்வி: வைஸ்ராய் செம்ஸ்போர்டுக்கு உறவா?

பதில்: பெரியப்பா மகன். நம் பாடநூல்களில் 'மாண்டேகு–செம்ஸ்போர்டு சீர்திருத்தம்' என வரும் அதே செம்ஸ்போர்டுதான்.

கேள்வி: பிற்காலப் படங்களில் எதைப் பார்க்கலாம்?

பதில்: 'தி ரோப்' (1953) படத்தில் திபேரியுஸ் பேரரசராக வருகிறார், ஆனால் என் தேர்வு அலெக் கின்னஸ் நடித்த 'தி மேன் இன் தி ஒயிட் சூட்' (1951). கிழியாத, அழுக்குப் படியாத துணி சந்தைக்கு வராமல் தடுக்க முனையும் ஜவுளி முதலாளியாக, ஆயுள் முழுக்க ஊசியும் நூலுமாக இருந்த தெசிஜர் நடித்திருக்கிறார்.