விடியாத இரண்டு மணி – கடிதம்

அன்புள்ள ஐயா,

எனக்கு வயது 29. ஐந்து வருடமாக அறிவியல் புனைகதைகள் எழுதுகிறேன். ஏழு கதைகள் முடித்திருக்கிறேன், இரண்டு வெளியாகியுள்ளன. அலுவலக வேலை என்னை முழுதாகத் தின்றுவிடுகிறது. வேலையை விட்டுவிட்டு, சேமிப்பை வைத்து ஒரு வருடம் உட்கார்ந்து பெரிய மிகைபுனைவு நாவல் ஒன்றை எழுதலாம் என்றிருக்கிறேன். சரிதானா? இந்த வகை எழுத்தை இலக்கியமாக மதிப்பார்களா? புனைபெயர் வைத்துக்கொள்ளலாமா? கடைசிக் கதையை இணைத்துள்ளேன்.

(பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட வாசகர்)

அன்புள்ள தம்பி,

புனைபெயர் உங்கள் இஷ்டம். மதிப்பார்களா என்று எழுதுகிற வயதில் கேட்டுக்கொண்டிருப்பது வெட்டி வேலை, அதை விடுங்கள். வேலையை விடுவது பற்றிக் கேட்டதால்தான் பதில் எழுதுகிறேன். இரண்டு வாரமாக நான் அமெரிக்க அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆக்டேவியா பட்லரை நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

1947இல் கலிஃபோர்னியாவின் பசடீனாவில் பிறந்த கறுப்பினப் பெண். சின்ன வயதிலேயே அப்பா இறந்துவிட்டார். அம்மா வீட்டுவேலை செய்து வளர்த்தார். எழுத்துகளைச் சரளமாக வாசிக்க முடியாத டிஸ்லெக்ஸியா என்ற குறைபாடு இருந்ததால் பள்ளிப் படிப்பே போராட்டம். அந்தப் பெண் பத்து வயதில் அம்மாவிடம் கெஞ்சி ஒரு ரெமிங்டன் தட்டச்சு இயந்திரம் வாங்கிக்கொண்டு, இரண்டு விரலால் தட்டித் தட்டிக் கதை எழுதினாள். 1970இல் கிளாரியன் என்ற அறிவியல் புனைகதை எழுத்துப் பட்டறைக்குப் போனபோது இரண்டு கதைகள் விலைபோயின. இனி எழுத்துதான் பிழைப்பு என்று நம்பினார். அடுத்த ஐந்து வருடம் ஒன்றுகூட விற்கவில்லை.

அந்த ஐந்து வருடம் அவர் என்ன செய்தார் என்று பாருங்கள். பாத்திரம் கழுவினார். தொலைபேசியில் பொருள் விற்றார். உருளைக்கிழங்கு சிப்ஸ் தரம் பார்த்தார். நிரந்தர வருமானத்துக்குச் செயலாளர் வேலைக்குப் போ என்று அம்மா சொன்னார். மகள் போகவில்லை. மூளையைக் கேட்காத வேலையாகப் பார்த்துச் சேர்ந்தார், இரவு இரண்டு, மூன்று மணிக்கே எழுந்து எழுதினார், பிறகு வேலைக்குக் கிளம்பினார்.

உங்கள் மின்னஞ்சல் எனக்கு வந்த நேரம் இரவு 1.40. அச்செடுத்தால் நான்கு பக்கம் வரும், இங்கே சுருக்கித்தான் போட்டிருக்கிறேன். நேரமே இல்லை என்று நான்கு பக்கம் எழுத நேரம் எங்கிருந்து வந்தது? கோபித்துக்கொள்ளாதீர்கள். இதை நான் சொல்லாமல் வேறு யார் சொல்வார்கள்?

நானும் வேலையை விட்டவன்தான். 31 வயதில், ஒரு அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துநராக இருந்தபோது. பதினோரு மாதம் வீட்டில் இருந்தேன். காலையில் மேஜையைத் துடைப்பேன், பேனாவுக்கு மை நிரப்புவேன், நாள் முழுக்க இருக்கிறதே என்று செய்தித்தாளை எடுப்பேன். மதியத்துக்குமேல் சேமிப்புக் கணக்கு மனதில் ஓடத் தொடங்கும். நாற்பது பக்கம் எழுதினேன், அத்தனையும் பயந்தவன் எழுதிய பக்கங்கள். அப்புறம் வேறொரு அச்சகத்தில் சேர்ந்தேன். கைக்குழந்தை விழித்துவிடக் கூடாதென்று டைம்பீஸைத் துண்டில் சுற்றித் தலையணைக்கடியில் வைப்பேன். நான்கரைக்கு அது காதுக்குள் முனகும். எழுந்து ஆறரை வரை எழுதுவேன். நாவல் இரண்டு வருடத்தில் முடிந்தது. இரண்டு மணி நேரம்தான் இருக்கிறது என்று தெரிந்தால் கை தானாக ஓடும்.

அதற்காக இருக்கிற வேலையிலேயே கிடந்து சாகச் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்த பிறகும் தலைக்குள் பேசிக்கொண்டே இருக்கிற வேலை என்றால் மாற்றுங்கள். கை வலிக்கட்டும், தலை உங்களுடையதாக இருக்கட்டும். இதைத்தான் பட்லர் இருபதுகளிலேயே கண்டுகொண்டார். மாற்றுவது வேறு, விடுவது வேறு.

அந்த வேலைகள் வீணாகவும் போகவில்லை. 1979இல் வந்த அவரது 'கின்ட்ரெட்' நாவலில், டேனா என்ற கறுப்பினப் பெண் தன் காலத்திலிருந்து அடிமைமுறை இருந்த காலத்து மேரிலாந்து மாநிலத்துக்கு இழுக்கப்படுகிறாள். அவளும் எழுத ஆசைப்படுகிறவள். அன்றாடக் கூலி வேலைக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சி வழியாகப் பிழைக்கிறாள். அங்கே வேலை செய்கிறவர்கள் அந்த இடத்தை அடிமைச் சந்தை என்றே சொல்கிறார்கள். அங்கே நின்று பழகியவர்தான் அந்தப் பக்கத்தை எழுத முடியும்.

மற்றதெல்லாம் தெரிந்த கதை. முதல் நாவல் 1976இல். 1995இல் அமெரிக்காவில் படைப்பாளிகளுக்கும் அறிஞர்களுக்கும் தரப்படும் மெக்ஆர்தர் நிதிநல்கை, அறிவியல் புனைகதை எழுத்தாளர்களில் முதலாவதாக. நடுவே, 1988இல், ஒரு நோட்டுப் புத்தகத்தில் தன் புத்தகங்கள் அதிகம் விற்பவற்றின் பட்டியலில் ஏறும் என்று தனக்குத்தானே ஆணையிட்டு எழுதிவைத்திருக்கிறார். அந்தத் தாளின் படத்தைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது. 2006இல், 58 வயதில் இறந்தார். நியூயார்க் டைம்ஸ் பட்டியலில் அவர் நாவல் ஏறியது 2020இல்.

உங்கள் கதையை இரண்டு முறை வாசித்தேன். பேசியது மறுநாள்தான் காதில் விழும் அந்தக் கிரகம், நாளைய தாலாட்டை இன்றைக்கே பாடிவைக்கிற அந்த அம்மா. ஐந்து வருடத்தில் இதைக் கண்டுபிடித்திருக்கிறீர்கள் என்றால் அந்த வருடங்களைக் குறை சொல்லாதீர்கள். ஆனால் அம்மா இறந்ததும் கதையை முடித்துவிட்டீர்கள். மறுநாள் இரவு அந்தப் பிள்ளைக்குக் கேட்குமே, அதை ஏன் எழுதவில்லை? எழுதி அனுப்புங்கள்.