பையன் நடிக்கட்டும், நீங்கள் கடன் வாங்காதீர்கள்

நியூ ஜெர்சி எடிசனிலிருந்து எழுதியிருக்கும் அம்மாவுக்கு,

பள்ளி நாடகங்களில் தாத்தா, பக்கத்து வீட்டுக்காரர், நீதிபதி என்றே உங்கள் மகனுக்கு வேடம் கிடைக்கிறது, ஒருமுறைகூட ஹீரோ இல்லை, ஆனாலும் காலேஜில் நடிப்புதான் படிப்பேன் என்கிறான், பெரியப்பாவோ குடும்ப வாட்ஸ்அப் குழுவில் கம்ப்யூட்டர் சயின்ஸை விட்டால் நடுத்தெருதான் என்று தினமும் எழுதுகிறார். தூக்கம் போனதில் ஆச்சரியமில்லை. எல்லாம் சரியாகிவிடும் என்று நானும் இரண்டு வரி எழுதியிருப்பேன். ஆனால் பெரியப்பாவைவிட உங்கள் கடைசிப் பத்திதான் எனக்குக் கவலையாக இருக்கிறது: நடிப்புதான் என்றால் நியூயார்க்கில் பெரிய பெயருள்ள கல்லூரியில் கடன் வாங்கியாவது சேர்த்துவிடுகிறோம் என்று எழுதியிருக்கிறீர்களே, அது.

வேண்டாம்.

அந்த மாதிரித் தனியார் கல்லூரியில் படிப்பு, தங்குமிடம், சாப்பாடு எல்லாம் சேர்த்தால் ஆண்டுக்கு 80,000 டாலரைத் தாண்டும். நாலு வருஷத்துக்கு மூன்று லட்சத்துக்கு மேல். பெற்றோருக்கு மத்திய அரசு கொடுக்கும் பேரண்ட் பிளஸ் கடன் உங்கள் பெயரில் இருக்கும், பிற்பாடு அரசு அதைப் பையன் பெயருக்கு மாற்றித் தராது. கம்ப்யூட்டர் சயின்ஸ் பற்றி நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை, அதற்குப் பெரியப்பா இருக்கிறார்.

ஹீரோ வேடம் கிடைக்காததைக் குறையாக எழுதியிருக்கிறீர்கள். எனக்கு உங்கள் கடிதத்தில் பிடித்ததே அந்த வரிதான். ஹாலிவுட்டில் ஹீரோவின் காலம் பல பேருக்குப் பத்து வருஷத்தில் முடிந்துவிடுகிறது. டாக்டர், கடைக்காரர், எரிச்சல்பிடித்த மேலதிகாரி எல்லாப் படத்துக்கும் வேண்டும், அவர்களுக்கு வயதாவதும் ஒரு தகுதி.

நடிகர் ஜேம்ஸ் ஹாங்கைப் பாருங்கள். 1929இல் மினியாபோலிஸில் பிறந்தவர், அப்பா சீனக் குடியேறி. சிவில் இன்ஜினியரிங் படித்து லாஸ் ஏஞ்சலஸ் கவுன்ட்டியில் சாலைப் பொறியாளராக இருந்தார், லீவும் சிக் லீவும் போட்டுப் போட்டுப் படத்தில் நடித்தார், கடைசியில் வேலையை விட்டார். (உடனே, பார்த்தாயா முதலில் இன்ஜினியரிங் என்று பெரியப்பா ஆரம்பிப்பார். அந்த வேலையில் ஹாங் இருந்தது இரண்டு வருஷம்கூட இல்லை என்று சொல்லுங்கள்.) 1955இல் கிளார்க் கேபிள் படத்தில் சின்ன வேடம். அந்தக் காலத்தில் சீன முகத்துக்குக் கிடைத்ததெல்லாம் வில்லன், சலவைக்காரர், வேலைக்காரர்தான். புலம்பிக்கொண்டு உட்காராமல் 1965இல் நண்பர்களோடு சேர்ந்து ஈஸ்ட் வெஸ்ட் பிளேயர்ஸ் என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார், அது இன்றும் நடக்கிறது. 1982இல் ‘பிளேட் ரன்னர்’ படத்தில் குளிர் அறையில் செயற்கைக் கண் செய்பவராக வந்தார், சில நிமிடம்தான். 1991இல் ‘சைன்ஃபெல்ட்’ தொடரில் ஓட்டல் வாசலில் நின்றுகொண்டு “இன்னும் அஞ்சு பத்து நிமிஷம்” என்று சொல்லிச் சொல்லியே மூன்று பேரைப் பைத்தியமாக்குவாரே, அந்த எபிசோடை இன்று ராத்திரியே பையனோடு உட்கார்ந்து பாருங்கள். கோபப்பட மாட்டார், அவசரப்பட மாட்டார், சிரிக்கவைக்கக்கூட முயல மாட்டார். ‘குங் ஃபூ பாண்டா’வில் வாத்து அப்பாவின் குரல் அவர். 2022இல் ஹாலிவுட்டின் புகழ் நடைபாதையில் அவர் பெயரில் நட்சத்திரம் பதித்தார்கள், வயது 93. நானூறுக்கும் மேற்பட்ட வேடங்கள், பாதிப் பேருக்கு இன்னும் அவர் பெயர் தெரியாது.

பெயருள்ள கல்லூரி இல்லாமல் முடியுமா என்றால், நடிகர் ஜே.கே. சிம்மன்ஸ் மொன்டானா பல்கலைக்கழகத்தில் இசை படித்தவர். வருஷக்கணக்காக நாடகம், அப்புறம் சின்னத்திரை, விளம்பரம், மிட்டாய் விளம்பரத்துக்குக் குரல். ஆஸ்கார் வந்தபோது வயது 60.

பணக் கணக்கையும் ஒளிக்காமல் சொல்கிறேன். நடிகர் யூனியனின் ஒப்பந்தப்படி எடுக்கும் படத்தில் வசனம் உள்ள சின்ன வேடத்துக்கு ஒரு நாளைக்கு ஆயிரம் டாலருக்கு மேல் கிடைக்கும், அதில் ஏஜென்ட்டுக்குப் பத்து சதவீதம். படம் மறுபடி டிவியில் ஓடினால் ரெசிடுவல் என்ற பங்குத்தொகை வரும், சில சமயம் காசோலையில் சில்லறைக் காசு மட்டும் இருக்கும். யூனியனின் மருத்துவக் காப்பீட்டுக்கு ஆண்டுக்கு இவ்வளவு நடிப்பில் சம்பாதித்திருக்க வேண்டும் என்று கணக்கு உண்டு, 2023இல் அது 26,470 டாலராக இருந்தது, பெரும்பாலான உறுப்பினர்கள் அதை எட்டுவதில்லை. ஆக, இருபது வருஷம் தாக்குப்பிடிப்பவனுக்கே இந்தத் தொழில். மாதாமாதம் கடன் தவணை கட்டுகிறவனால் அது முடியாது, கடன்காரனுக்கு ஆடிஷன் நாளில் லீவு எடுக்கக்கூடத் தைரியம் வராது.

உங்களுக்கு அடுத்த ரயில் நிலையத்திலேயே மாநில அரசுப் பல்கலைக்கழகமான ரட்கர்ஸ் இருக்கிறது. மாநிலத்தில் வசிப்பவர்களுக்குக் படிப்புக் கட்டணம் ஆண்டுக்கு 18,000 டாலருக்கு மேல் வரும், வீட்டிலிருந்தே போகலாம். ஆடிஷன் வைத்து எடுக்கும் நடிப்புப் பட்டமும் உண்டு, பொதுவான நாடகப் பட்டமும் உண்டு. ஆடிஷனில் தேறாவிட்டால் இரண்டாவதில் சேரட்டும், கூடவே நேரத்தை மாற்றிக்கொள்ளக்கூடிய ஒரு பிழைப்பும் கற்றுக்கொள்ளட்டும்: கணக்கெழுதுவது, பள்ளியில் சப்ஸ்டிட்யூட் டீச்சர் வேலை, எதுவானாலும் சரி. சனி ஞாயிறில் சுமார் ஒரு மணி நேரத்தில் நியூயார்க் போய்விடலாம், அங்கே சினிமா படிக்கும் மாணவர்கள் தங்கள் குறும்படத்துக்கு ஆள் தேடிக்கொண்டே இருப்பார்கள், சாப்பாடும் நடித்த காட்சியின் பிரதியும்தான் சம்பளம். முதல் ஏஜென்ட்டிடம் காட்ட அது போதும். முன்பணம் கேட்கிற ஏஜென்ட் யாராக இருந்தாலும் எழுந்து வந்துவிடச் சொல்லுங்கள்.

அவனிடம் நீங்கள் கேட்க வேண்டியது ஒன்றுதான்: நாற்பத்தைந்து வயதிலும் பக்கத்து வீட்டுக்காரனாகவே நடித்துக்கொண்டிருந்தால் உனக்குச் சம்மதமா? சம்மதம் என்றால் அவனை விடுங்கள், தடுக்க உங்களுக்கும் உரிமையில்லை, பெரியப்பாவுக்குச் சுத்தமாக இல்லை. தயங்கினால் அவனுக்கு வேண்டியது புகழ், அதற்கு என்னிடம் வழியில்லை.

மே 1க்குள் எங்காவது முன்பணம் கட்ட வேண்டியிருக்கும். அதற்கு முன் கல்லூரிகள் அனுப்பிய நிதியுதவிக் கடிதங்களை எடுத்துவையுங்கள். கடன் தொகையையும் உதவியோடு சேர்த்துக் கூட்டிக் காட்டியிருப்பார்கள், அதைக் கழித்துவிட்டு மீதியைப் பாருங்கள். கணக்குப் புரியாவிட்டால் எனக்கு அனுப்புங்கள், நான் பார்த்துச் சொல்கிறேன். அதுவரை எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள்.