சொனாட்டாவை எங்கே வெட்டுவது?

பியானோ கலைஞர் பற்றிய ஆவணப்படம், அதில் வரும் ஒன்பது நிமிட சொனாட்டாப் பகுதியை (சொனாட்டா என்பது பல பகுதிகள் கொண்ட வாத்திய இசைப்படைப்பு) இயக்குநர் மூன்று நிமிடமாகக் குறைக்கச் சொல்கிறார், எங்கே வெட்டினாலும் உறுத்துகிறது என்று எழுதியிருந்தீர்கள். எடிட்டிங் திரையில் தெரியும் ஒலியின் அலைவடிவத்தைப் பார்த்துத்தானே வெட்டுகிறீர்கள்? அதை விட்டுவிட்டு இசைக்குறிப்பை எடுங்கள். சொனாட்டா வடிவத்தில் முதல் பகுதியைத் திரும்ப வாசிப்பது வழக்கம். அவர் வாசித்திருந்தால் அந்த மறுமுறையைத் தூக்கிவிடுங்கள், யாருக்கும் தெரியாது. அப்புறம், முதல் மெட்டு கடைசியில் பழைய சுருதிக்கே திரும்பி வருமே, அங்கே தாவலாம். வெட்டி ஒட்டிய இடத்தை ஓங்கி விழும் ஸ்வரத்துக்கு அடியில் ஒளித்து வையுங்கள். பெடல் மிதித்திருக்கும் இடத்தைத் தொடவே வேண்டாம். அதிர்வு பாதியில் அறுந்து காட்டிக்கொடுத்துவிடும்.

படத்தையும் ஒலியையும் ஒரே பிரேமில் வெட்டாதீர்கள். விரல் கட்டையில் இறங்குவதற்கு நாலைந்து பிரேம் முன்பே அந்த ஷாட்டுக்குப் போய்விடுங்கள். காதில் உச்சஸ்தாயி, திரையில் சும்மா கிடக்கும் வலது கை என்றால் தொலைந்தோம். (நான் ஒருமுறை இப்படி மாட்டிக்கொண்டது, வாசித்த கலைஞரிடமே.)

இசைப் படங்களை எடிட் செய்வதையே தொழிலாக வைத்துக்கொள்ளலாமா என்றால், இது மட்டும் போதாது. மற்ற ஆவணப்படங்களையும் விடாதீர்கள். ஆனால் இசைக்குறிப்பு படிக்கக் கற்றுக்கொள்ளுங்கள். படிக்கத் தெரிந்த எடிட்டரை இசைக்கலைஞர்கள் லேசில் விடமாட்டார்கள்.