கட்டடப் பொருளே சூரிய மின்சாரம் தருமா?

கூரைமேல் சட்டம் அடித்துச் சூரியத் தகடுகளைப் பொருத்துவதற்கும், கூரை ஓடோ சுவர்க் கண்ணாடியோ தானே மின்சாரம் தருவதற்கும் என்ன வேறுபாடு என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் முறையில் தகடு கட்டடத்தின் மேல் ஏற்றிய சுமை மட்டுமே. இரண்டாவதில் அதுவே மழையைத் தடுக்கவும், காற்றழுத்தத்தைத் தாங்கவும், தீப் பாதுகாப்பு விதிகளுக்கு உட்படவும் வேண்டிய கட்டுமானப் பொருளாகிவிடுகிறது. வழக்கமான ஓட்டின் செலவு அதில் கழிந்துவிடும் என்பதே இதன் பொருளாதார நியாயம்.

பலரும் கோட்டைவிடும் இடம் வெப்பம். சிலிக்கான் தகட்டின் திறன் 25 பாகை செல்சியஸில் அளவிடப்படுகிறது. அதற்கு மேல் ஏறும் ஒவ்வொரு பாகைக்கும் ஏறத்தாழ 0.3 முதல் 0.5 விழுக்காடு வரை அது குறைவதால், 65 பாகை வரை சூடேறும் தகடு தன் திறனில் 12 முதல் 20 விழுக்காட்டை இழக்கிறது. ஆகவே தகட்டைச் சுவரோடு ஒட்டாமல், பின்னால் காற்று கீழிருந்து மேலேறிச் செல்ல இடைவெளி விடுவது அவசியம். ஸ்பெயினின் மத்தரோ நகரில் 1996இல் கட்டப்பட்ட நூலகத்தில் அந்தச் சூடான காற்றையே குளிர்காலத்தில் கட்டடத்தை வெதுவெதுப்பாக்கப் பயன்படுத்தினார்கள். எனக்குப் பிடித்த எடுத்துக்காட்டு இது.

ஜன்னல்களுக்கு, இரண்டு கண்ணாடிகளுக்கு இடையே, ஒளியை மின்சாரமாக்கும் சில்லுகளை இடைவெளிவிட்டுப் பதிக்கிறார்கள். இடைவெளியைக் கூட்டி உள்ளே அதிக வெளிச்சம் விட்டால் மின்சாரம் குறையும். நிழலையும் முன்கூட்டியே கணக்கிட வேண்டும், ஏனெனில் சில்லுகள் தொடராக இணைக்கப்பட்டிருப்பதால் ஒன்றின்மீது விழும் நிழல் மற்றவற்றின் மின்னோட்டத்தையும் இழுத்துப் பிடிக்கும். மின்கம்பி செல்லும் வழியையும் பழுதான தகட்டைக் கழற்றும் முறையையும் வரைபட நிலையிலேயே முடிவுசெய்யுங்கள்.